ஆலை வாசலில் ஒரு கிள்ளு

நூலாலையில் என் சித்திக்குத் துறுதுறு என்று பெயர். அறுந்த நூலுக்கு முடிச்சுப் போடுகிற வேலை. கை முடிச்சுப் போடும். வாய் பக்கத்து ஆளை வம்புக்கு இழுக்கும். அவளுடைய அக்கா, அதாவது என் அம்மா, அதே ஆலையில்தான் இருந்தாள். என்னைப் பெற்ற கையோடு கண்ணை மூடிவிட்டாள். வளர்த்தது சித்திதான். அம்மாவுக்கு ஒரு போட்டோகூடக் கிடையாது. எப்படி இருப்பாள் என்று கேட்டால், "கண்ணாடியில போய்ப் பாரு" என்பாள் சித்தி. பார்ப்பேன். அங்கே நான்தான் இருப்பேன்.

அம்மா என்னைச் சுமந்திருந்தபோது, சினிமாப் படம் பிடிக்கிறவர் ஒருவர் ஆலை வாசலில் முக்காலிமேல் பெட்டியை வைத்தாராம். வேலை விட்டு எல்லோரும் வெளியே நடந்து வர வேண்டும், அவ்வளவுதான். ஆனால் போட்டோ பிடிக்கும்போது அசைந்தால் முகம் கலைந்துவிடும் என்பதுதானே அன்றைக்கு எல்லோருக்கும் தெரிந்த சங்கதி? மேஸ்திரி முதல் கூட்டுகிறவர் வரை வரிசை கட்டி, மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டார்கள். படம் பிடிக்கிறவரோ பெட்டியின் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே, "நடங்கய்யா! நடங்கம்மா!" என்று தொண்டை கிழியக் கத்தினாராம். ஒருவரும் நகரவில்லை.

அந்தப் படம் சினிமாக் கொட்டகையில் ஓடியபோது வீட்டில் அம்மா போன துக்கம், யாரும் போகவில்லை. எனக்குக் கல்யாணம் நிச்சயமான வருஷம், கொட்டகைக்காரர் பழைய துண்டுப் படங்களைத் தேடியெடுத்து மறுபடி ஓட்டினார். அம்மாவைப் பார்க்கப் போகிறேன் என்று எனக்குக் கால் தரையில் பாவவில்லை. சித்தியோ வழியெல்லாம் வாயே திறக்கவில்லை.

திரையில் ஆலை வாசல் வந்தது. சிலை மாதிரி அத்தனை பேர். கொட்டகையே சிரித்தது.

"எது சித்தி அம்மா?"

"இடது ஓரம். வயித்தத் தள்ளிக்கிட்டு நிக்கிறா பாரு."

விறைத்த முகம். இமைகூட ஆடவில்லை. இதுவும் வெறும் போட்டோதானா என்று எனக்கு அழுகை வந்தது. அப்போது பக்கத்தில் நின்ற ஒல்லிப் பெண்ணின் கை மெல்ல நகர்ந்து, அம்மா இடுப்பில் ஒரு கிள்ளு கிள்ளியது.

அம்மா துள்ளினாள். வாயைப் பொத்தியும் அடக்க முடியாமல், தலையைச் சாய்த்துச் சிரித்தாள். ஒரு கையால் தங்கை முதுகில் ஒன்று வைத்தாள். மறு கையால் வயிற்றைப் பிடித்துக்கொண்டாள். உள்ளே இருந்த என்னைப் பிடித்துக்கொண்டாள்.

படம் முடிந்துபோனது. சித்தி என் கையை இறுக்கினாள்.

"அசைய வச்சுட்டியே, அவ முகமே படத்துல விழுந்திருக்காதுன்னு அன்னைக்கு மேஸ்திரி திட்டினாருடி. எங்கக்கா முகத்த நானே அழிச்சுட்டேன்னு இத்தன வருஷமா நெனச்சிருந்தேன்."

சட்டென்று எழுந்து நின்றாள். கொட்டகை முழுக்கத் திரும்பிப் பார்த்தது.

"அய்யா, இன்னொரு தடவ ஓட்டுங்க! எங்கக்கா சிரிக்கிறா!"