பெயர் முந்தியா, ராஜா முந்தியா

அம்பத்தூர் எஸ்டேட்டில் நான் டைப்பிஸ்டாக இருந்த கம்பெனிக்கு, எழுபதுகளின் தொடக்கத்தில், ஒரு மெஷினை மாட்டிக் கொடுக்க நார்வேக்காரர் ஒருவர் வந்தார். அவர் சொல்லச் சொல்ல ரிப்போர்ட் அடிப்பது என் வேலை. மெஷின் அடிக்கடி மக்கர் பண்ணும். அது ஓடாத நேரத்தில் மனுஷன் தங்கள் ஊர்ப் பழைய ராஜாக்களைப் பற்றி ஆரம்பித்துவிடுவார். வீட்டில் இருக்கிற ராஜாக்களே எனக்குப் போதும் என்றிருக்கும். ஆனாலும் கேட்பேன்.

டான் என்று ஒரு ராஜாவாம், அவன் பெயரால் டென்மார்க். நோர் என்று இன்னொருவன். அவன் தங்கை கோயி காணாமல் போய்விட்டாள். அவளைத் தேடிப் பனியில் அலைந்தான், போன இடத்தையெல்லாம் பிடித்தான், அதற்கு நார்வே என்று பெயர் வந்தது. நன்றாக இருக்கிறதே என்று தலையாட்டினேன். உடனே, அதெல்லாம் கதை, நார்வே என்றால் வடக்கே போகிற வழி என்றுதான் அர்த்தம், ஊர்ப் பெயருக்காகப் பின்னால் ஒரு ராஜாவை உண்டாக்கிவிட்டார்கள் என்று படித்தவர்கள் சொல்கிறார்கள் என்றார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அப்படியானால் பனியில் அலைந்தது யார்? இல்லாத அண்ணனுக்கு ஒரு தங்கை, அவள் வேறு காணாமல் போனாளா? அன்றைக்கு இரண்டு பக்கம் தப்புத் தப்பாக அடித்தேன்.

அடுத்த நாள் ஹால்ஃப்தான் என்று ஒரு ராஜா. பாதி டென்மார்க்காரன் என்று அர்த்தமாம். முதலில் அந்தப் பெயர் வைத்தவனுக்குத் தாய்வழி அந்த ஊராக இருந்திருக்கலாம். பிறகு பேரன், கொள்ளுப்பேரன் என்று அதையே வைத்துக்கொண்டு போனார்கள், அவர்கள் பாதியும் இல்லை, கால்வாசியும் இல்லை. செத்துப்போன தாத்தா பெயரைப் பேரனுக்கு வைப்பது அங்கே வழக்கமாம். இது மட்டும் எனக்குச் சட்டென்று புரிந்தது. எங்கள் வீட்டிலும் அதேதான், என் மகளுக்கு மாமியார் பெயர், ஆனால் மாமியார் உயிரோடு இருக்கிறார் என்றேன். பெயர் என்ன என்றார். வாயைத் திறந்தேன், வரவில்லை. மாமியார் பெயரை மருமகள் சொல்லலாமா? டைப்ரைட்டரில் அடித்துக் காட்டினேன். பெற்ற மகளைப் பெயர் சொல்லிக் கூப்பிடமாட்டாயா என்று திரும்பத் திரும்பக் கேட்டார். இப்போது குழம்பியது அவர்.

கூப்பிட ஆசை இல்லாமலா? அம்மா பெயர் என்பதால் என் வீட்டுக்காரரும் சொல்லமாட்டார். தன் பெயரைத் தானே கூப்பிட மாமியாருக்குக் கூச்சம். ஆக மொத்தம் அவள் எல்லோருக்கும் பாப்பா. ஒரே ஒரு தடவை, வாய் நிறைய, அந்தப் பெயரைச் சொல்லி என் மகளைக் கூப்பிட வேண்டும் என்று மனசு அரித்துக்கொண்டே இருந்தது. வீட்டுக்காரரிடம் சொன்னால், "பாப்பானு கூப்ட்டா இன்னா கொறைஞ்சா பூடுவா? அப்டித்தான கூப்ட்டுகினு கீறோம்" என்பார்.

ஆடி மாதம் திருவேற்காடு கோயிலுக்கு மாமியார், நான், பாப்பா மூவரும் போனோம். கூழ் வாங்கச் சொம்பை நீட்டினேன். அந்த நொடியில் கையிலிருந்த பிஞ்சு விரல் இல்லை. "பாப்பா! பாப்பா!" என்று கத்தினேன். நாலு பக்கமும் பிள்ளைகள் திரும்பிப் பார்த்தன. ஊரில் பெண் பிள்ளை எல்லாமே பாப்பாதானே. கூட்டத்தை விலக்கிக்கொண்டு கடைகள் பக்கம் ஓடினேன். அந்த நோர் ராஜா என்ன சொல்லிக் கத்தியிருப்பான் என்று நேரங்காலம் தெரியாமல் ஒரு யோசனை வேறு. மரியாதையாவது மண்ணாங்கட்டியாவது! தொண்டை கிழிய அந்தப் பெயரைக் கூப்பிட்டேன்.

"இன்னாம்மா? தோ வந்துட்டேன்" என்று பின்னால் ஒரு குரல், சின்னப் பெண்ணின் குரல் மாதிரி. திரும்பினால் மாமியார். மறுபக்கம், கைக்கெட்டும் தூரத்தில், வளையல் கடையை வாய் பிளந்து பார்த்துக்கொண்டு நின்றிருந்தாள் என் மகள். நான் கத்தியது அவள் காதில் விழாமல் இருக்க வழியில்லை. ஆனால் அந்தப் பெயருக்கு அவள் திரும்பவே இல்லை. இழுத்து முதுகில் ஒன்று வைத்தேன், பிறகு கட்டிக்கொண்டு அழுதேன்.

மாமியார் கிழி கிழியென்று கிழிக்கப்போகிறார் என்று நின்றேன். "தப்பா நெனைக்காதீங்க அத்தே, பயத்துல வாய்ல வந்துட்ச்சு."

அவர் முந்தானையால் முகத்தைத் துடைத்தார். "எங்கம்மா பூட்டப்புறம் அந்தப் பேரச் சொல்லி ஒருத்தரும் என்னைக் கூப்ட்டதில்லடி. இன்னொரு தபா கூப்புடு."

யாரைக் கூப்பிடுகிறேன் என்று எனக்கே தெரியவில்லை. கூப்பிட்டேன். மாமியார் "இன்னாம்மா" என்றார். பாப்பா என் புடவையைப் பிடித்து இழுத்தாள்.

"அது யாரும்மா?"