கண்ணால் சேர்த்த சுருதி

தூத்துக்குடியில் புதுத் துறைமுகம் வந்து சில வருடங்கள் ஆகியிருந்த நேரம். சங்கு குளிப்பது என் பிழைப்பு. மாதா கோயில் பேண்டில், தோல்பையில் காற்றடைத்து ஊதும் பேக்பைப் வாசிப்பது என் பெருமை. கடலடி அழுத்தத்தில் இரண்டு காதும் கிழிந்தபின் என் நிலைமை மாறியது. கத்திப் பேசினால் விளங்கும், சுருதி மட்டும் பிடிபடாது. ஒரு திருவிழாவில் நான் அபசுரமாக ஊதியதைக் கேட்டு ஊரே சிரித்தது. அன்றோடு பைப்பைப் பரணில் போட்டுவிட்டேன். வீம்புக்கு எனக்குக் குறைச்சல் கிடையாது.

எங்கள் பக்கம், குளிக்கிறவனுக்கு மச்சான்தான் கயிறு பிடிப்பான். தங்கை தாலியறுப்பதை எந்த அண்ணனும் விரும்பமாட்டான் அல்லவா? மூச்சு முட்டி நான் கயிற்றை அசைத்தால், உடனே மேலே இழுத்துவிடுவார் என் மனைவியின் அண்ணன். அவர் காய்ச்சலில் இறந்துபோனார்.

"எங்கண்ணன் ஒங்க கயித்த ஒருநாளும் விட்டதில்ல. நீங்க ஊதாம அவன எடுக்கக் கூடாது" என்று என் முகத்துக்கு நேரே நின்று சொன்னாள் மனைவி.

பரணிலிருந்து பைப்பை இறக்கினேன். ஆனால் அவருடைய அடக்கத்திலும் ஊர் சிரித்துவிட்டால்? கோயிலுக்குப் பின்னால் உட்கார்ந்து சுருதி சேர்க்கக் குழல்களை ஏற்றி இறக்கிப் பார்த்தேன். பேண்டுக்காரர்கள் என் முகத்தைப் பார்க்காமல் தலை குனிந்துகொண்டார்கள்.

பூசைக்கு வந்திருந்த ஒரு கப்பல்காரர் இதைப் பார்த்துக்கொண்டு நின்றார். கோவாக்காரராம். தோளில் கிடார். அதன் உறையிலிருந்து ஒரு சின்னப் பெட்டியை எடுத்தார். முகப்பில் மீட்டர், அதில் சுரத்துக்கு ஏற்ப அசையும் ஒரு முள். கிடாருக்குச் சுருதி சேர்க்க ஜப்பானில் வாங்கிய டியூனர்.

"காது வேண்டாம், கண் போதும்" என்றார் அரைகுறைத் தமிழில்.

விரல் வைத்து ஊதும் குழலுக்கு முள் எங்கே நிற்கிறது என்று காட்டினார். பிறகு தோளில் நிற்கும், ஒரே சுரம் ஒலிக்கும் குழல்களை ஒவ்வொன்றாக, மற்றவற்றை அடைத்துவிட்டு, முள் அதே இடத்துக்கு வரும்வரை நகர்த்தினேன்.

கல்லறைத் தோட்டம்வரை ஊதினேன். எனக்குக் கேட்டது வெறும் இரைச்சல். யாரும் சிரிக்கவில்லை என்பதை மட்டும் பார்த்தேன். குழியை மூடியபின் மனைவி என் அருகில் வந்தாள்.

"ஒங்களுக்குக் கேக்காட்டியும் அண்ணனுக்குக் கேட்டிருக்கும்" என்றாள். அப்போதுதான் அழுதேன்.

கப்பல்காரரைத் தேடியபோது அவர் போய்விட்டிருந்தார். பெயரைக்கூடக் கேட்கவில்லை. கடலடியில் எனக்கு எதுவும் கேட்டதில்லை. மேலே ஒரு கை கயிற்றைப் பிடித்திருக்கிறது என்ற நம்பிக்கையில்தான் மூழ்கினேன். மச்சானின் கை ஓய்ந்த அன்று, முன்பின் தெரியாத ஒருவர் அந்தக் கயிற்றைப் பிடித்துக்கொண்டார் என்றே இன்றும் நினைக்கிறேன்.