மறைமலை நகரில் ‘சின்னக் காது’ செய்யக் கற்றது

தவக்காலத்தின் முதல் ஞாயிறு பூசை முடிந்ததும் நம் பங்குச் சாமியார் ஓர் அறிவிப்பு செய்தார். மறைமலை நகரில் புதிதாகக் கட்டுகிற ஒரு தொழிற்சாலையில் இயந்திரம் பூட்ட இத்தாலியிலிருந்து ஏழு பேர் வந்திருக்கிறார்கள். அவர்களில் ஒருவருடைய மனைவி தன் வீட்டிலேயே சனிக்கிழமைதோறும் அவர்கள் ஊர்ச் சமையல் சொல்லிக் கொடுக்கப் போகிறார். கட்டணம் இல்லை. நன்றாகக் கற்றுக்கொள்கிற ஒருத்திக்கு, மற்ற ஆறு பேரும் தங்கியிருக்கிற விடுதியில் சமையல் வேலை. யாரும் தேறாவிட்டால் மதராஸிலிருந்து சமையல்காரர் வருவார்.

ஈஸ்டருக்குப் பிறகு இன்னொரு வகுப்பு தொடங்குவதால் நம் சங்கத்துப் பெண்கள் சிலர் என்னிடம் விவரம் கேட்டீர்கள். எதிரில் நின்று சொல்ல எனக்கு வராது. அதனால்தான் நம் கையெழுத்துப் பத்திரிகையில் எழுதிவிடுகிறேன்.

நான் போன காரணத்தையும் சொல்லிவிட வேண்டும். நான் ஒன்பதாம் வகுப்போடு நின்றவள். பாடம் வராமல் நிற்கவில்லை. எழுந்து நின்று வாசிக்கச் சொன்னால் தொண்டை அடைத்துக்கொள்ளும். அதற்காகத் தினமும் நிற்க வைத்தார்கள். ஒரு நாள் போகவில்லை, பிறகு போகவே இல்லை. வருகிற ஆனியில் தாம்பரத்தில் இருக்கிற அத்தை வீட்டுக்கு, குழந்தைகளைப் பார்த்துக்கொள்ள என்னை அனுப்புவதாக வீட்டில் பேசி முடித்திருந்தார்கள். போன வருஷம் ஒரு மாதம் அங்கே இருந்தேன். அத்தை கெட்டவர் இல்லை. ஆனால் காலையில் எழுந்தது முதல் இரவு படுக்கும் வரை ஒரு வேலையும் என் வேலை என்று இருக்காது. “நீயா ஒரு வேலை தேடிக்கினா தாம்பரம் போவ வேணாம்” என்று அப்பா சொன்னார். விளையாட்டாகச் சொன்னாரோ என்னவோ, நான் பிடித்துக்கொண்டேன்.

சேரப்பணஞ்சேரியிலிருந்து மறைமலை நகருக்கு இரண்டு வழி இருக்கிறது. ஒன்று, படப்பை வழியாக வண்டலூர் போய், அங்கிருந்து செங்கல்பட்டு பக்கம் போகிற பஸ். சுற்று அதிகம், ஆனால் பஸ் கிடைக்கும். இன்னொன்று, மேற்கே ஒரகடம் கூட்டுரோடு போய், அங்கிருந்து சிங்கப்பெருமாள் கோயில், அங்கிருந்து மறைமலை நகர். இது ஏறக்குறைய இருபத்தைந்து கிலோமீட்டர். டிக்கெட் அறுபது பைசா, ஒரு ரூபாய், நாற்பது பைசா. ஆக ஒரு பக்கத்துக்கு இரண்டு ரூபாய். நாங்கள் இந்த வழியில்தான் போனோம். இதில் ஒரு சங்கடம். ஒரகடத்தில் ஏழரை மணி பஸ்ஸை விட்டால் அடுத்தது பத்து மணிக்கு மேல்தான். கூட்டுரோட்டில் நிழல் கிடையாது. ஒரு டீக்கடை உண்டு, அங்கே பெண்கள் நிற்க முடியாது.

‘நாங்கள்’ என்றால் நானும் என் பெரியப்பா மகள் ஸ்டெல்லா அக்காவும். ஸ்டெல்லா அக்காவுக்கு ஈஸ்டர் முடிந்து கல்யாணம். வேலை வேண்டாம். என்னைத் தனியாக அனுப்ப மாட்டார்கள் என்பதற்காகத் துணைக்கு வந்தாள். அவள் பேசினால் எனக்கும் சேர்த்துப் பேசிவிடுவாள். இரண்டாம் வாரம் பஸ்ஸில் எங்கள் தூக்கைப் பார்த்து கண்டக்டர், “இன்னாம்மா, காலங்காத்தால எங்க சோறு எடுத்துகினு?” என்றார்.

“சோறு இல்லண்ணா, காலித் தூக்கு. காது செய்யக் கத்துக்கப் போறோம்.”

“இன்னா காது?”

“வெள்ளக்காரன் துன்ற காது.”

கண்டக்டர் என்னைப் பார்த்து, “இந்தப் பாப்பாவும் உன்ன மாதிரிதானா?” என்றார். “அது வாயத் தொறந்தா மழ வரும்ணா” என்றாள் ஸ்டெல்லா அக்கா. நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

மறைமலை நகரில் பெரிய ரோட்டில் இறங்கி உள்ளே அரை மணி நேரம் நடக்க வேண்டும். தெருக்கள் கோடு போட்டது போல நேராக இருக்கின்றன. வீடுகள்தான் இன்னும் முழுதாக வரவில்லை. ஒரு வீடு, நாலு காலி மனை, மறுபடி ஒரு வீடு. எல்லாம் ஒரே மாதிரி இருப்பதால் முதல் நாள் வேறு வீட்டுக் கதவைத் தட்டிவிட்டோம். தண்ணீர்த் தொட்டிக்கு அடுத்த தெரு, பச்சைக் கதவு என்று நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

சொல்லிக் கொடுப்பவர் பெயர் கார்மேலா. சாமியார் சொன்னதைக் கேட்டு நரைத்த அம்மா ஒருவரை எதிர்பார்த்தேன். இவருக்கு இருபத்தாறு வயதுதான் இருக்கும். கோபம் சட்டென்று வரும், சட்டென்று போகும். தமிழில் ‘வேண்டாம்’, ‘போதும்’, ‘சீக்கிரம்’ மூன்றும் தெரியும். மற்றதை இங்கிலீஷில் சொல்வார். அதைத் தமிழாக்கிச் சொல்ல அடுத்த தெரு லீலா அக்கா இருந்தார். அவர் திருநெல்வேலிக்காரர், கணவர் அதே தொழிற்சாலையில் சூப்பர்வைசர். அவரும் எங்களோடு கற்றுக்கொள்ள வந்தவர்தான். வேலைக்குப் போக வீட்டில் விடமாட்டார்கள் என்று முதலிலேயே சொல்லிவிட்டார். ஆக, வேலை கேட்டு வந்தவள் நான் ஒருத்திதான்.

இனி சமையல். கார்மேலாவின் ஊர்ப் பக்கம் முட்டை சேர்ப்பதில்லை. ரவையும் தண்ணீரும் மட்டும். நம் கடை ரவை பெரும் குருணையாக இருப்பதால் மில்லில் கொடுத்து இன்னொரு முறை அரைத்துக்கொள்ள வேண்டும். மேஜைமேல் மாவைக் குவித்து, நடுவில் குழி செய்து, வெதுவெதுப்பான தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாக விட்டுப் பிசைய வேண்டும். “நின்னுகினு பெசஞ்சா கை எப்படிமா அழுந்தும்?” என்று ஸ்டெல்லா அக்கா தரையில் உட்காரப் போனாள். “வேண்டாம், வேண்டாம்” என்று கார்மேலா எழுப்பிவிட்டார். கால் மணி நேரம் பிசைந்து, ஈரத்துணி போட்டு மூடி வைத்து, பிறகு சுண்டுவிரல் கனத்துக்குத் திரியாக உருட்டி, சின்னச் சின்னத் துண்டாக வெட்ட வேண்டும். ஒவ்வொரு துண்டையும் மழுங்கின கத்தியால் அழுத்தி இழுத்தால் சோழி போலச் சுருளும். அதைக் கட்டைவிரல் நுனியில் வைத்து மறுபக்கம் புரட்டினால் காது மாதிரி வரும். பெயர் ஓரெக்கியெத்தே. சின்னக் காது என்று அர்த்தமாம்.

“தோடு போட்டுறலாமா?” என்றாள் ஸ்டெல்லா அக்கா. லீலா அக்கா அதை இங்கிலீஷில் சொல்ல, கார்மேலா நெடுநேரம் சிரித்தார்.

முதல் வாரம் என் காதுகள் எல்லாம் கிழிந்தன. இரண்டாம் வாரம் ஒன்றிரண்டு நின்றன. நான்காம் வாரம் கார்மேலா என் தட்டைப் பார்த்து ஒன்றும் சொல்லாமல் போனார். அவர் ஒன்றும் சொல்லாவிட்டால் நன்றாக இருக்கிறது என்று பொருள்.

காதை உப்புத் தண்ணீரில் வேகவைக்கும்போது, முள்ளங்கிக் கீரையையும் அதே தண்ணீரில் போடுகிறார்கள். நம் பக்கம் கடைக்காரர் கிள்ளி எறிகிற கீரைதான். பூண்டையும் மிளகாயையும் எண்ணெயில் வதக்கிக் கடைசியில் சேர்க்கிறார்கள். பல்லில் கொஞ்சம் நிற்கிற பதத்தில் இறக்க வேண்டும். “இது வேவல” என்று ஸ்டெல்லா அக்கா கடைசி வாரம் வரை சொல்லிக்கொண்டுதான் இருந்தாள். வடிக்கிற தண்ணீரில் ஒரு கரண்டி எடுத்து வைத்து அந்தப் பூண்டு எண்ணெயோடு சேர்க்கிறார்கள். இது எனக்குப் பிடித்திருந்தது.

ஐந்தாவது சனிக்கிழமை என் முறை. நான் தனியாகச் சமைக்க வேண்டும். கார்மேலாவின் கணவர் நிக்கோலாவும் விடுதியிலிருந்து இரண்டு பேரும் ஒரு மணிக்குச் சாப்பிட வருவார்கள். அதைப் பார்த்து வேலையை முடிவு செய்வார்கள். கார்மேலா வைத்திருந்த மாவு தீர்ந்துபோனதால் என்னையே கொண்டுவரச் சொன்னார். வெள்ளிக்கிழமை ரவை வாங்கி அம்மாவிடம் கொடுத்து, மில்லில் அரைத்து வைக்கச் சொல்லிவிட்டு நான் கோயிலில் சிலுவைப்பாதை வழிபாட்டுக்குப் போய்விட்டேன். காலையில் அம்மா மூடிய டின்னைப் பையில் வைத்துக் கொடுத்தார்.

கார்மேலா வீட்டு மேஜையில் டின்னைத் திறந்ததும் வாசனை வந்தது. நிறமும் வேறு. ரவை வாங்கினால் வறுத்து வைப்பது நம் எல்லார் வீட்டிலும் உள்ள வழக்கம்தானே. வறுக்காவிட்டால் வண்டு வைத்துவிடும். அம்மா என் முக்கியமான நாளுக்கென்று இன்னும் பொறுமையாக, பொன்னிறமாக வறுத்து, அப்புறம் மில்லுக்குக் கொண்டுபோயிருக்கிறார்.

தண்ணீர் விட்டுப் பிசைந்தேன். ஈர மணல் போல உதிர்ந்தது. இன்னும் பிசைந்தேன். திரி உருட்டினால் துண்டு துண்டாக உடைந்தது. ஒன்றை வெந்நீரில் போட்டுப் பார்த்தார் கார்மேலா, கரைந்து கஞ்சியாகிவிட்டது. மணி பதினொன்று. அவர் வேகமாக ஏதோ கேட்டார்.

“ஏட்டி, மாவுல என்ன செஞ்சன்னு கேக்காங்க” என்றார் லீலா அக்கா.

நான் உதிர்ந்த மாவை மறுபடி குவித்துக்கொண்டிருந்தேன். ஸ்டெல்லா அக்காதான், “சித்தி வறுத்துட்டாங்க போல கீதுக்கா. வேற ரவ வாங்கியாரவா?” என்றாள். கடையில் ரவை கிடைக்கும், ஆனால் அன்று மின்வெட்டு, மில் ஓடவில்லை. கார்மேலா கைகளைத் துடைத்துக்கொண்டு, முட்டை பொரித்துப் போட்டுவிடலாம் என்று அடுப்பின் பக்கம் போனார். முட்டை பொரித்தால் அத்தோடு என் வேலை முடிந்தது.

வறுத்த அரிசி மாவில் இடியாப்பம் பிழிய நாம் பச்சைத் தண்ணீரா விடுகிறோம்? அதுதான் எனக்குத் தோன்றியது. ஆனால் ரவை மட்டும் பிடிக்காது, கூட இழுவைக்கு ஏதாவது வேண்டும்.

“வெந்நீர்” என்றேன். “மைதாவும் வேணும்.”

மூன்று பேரும் என்னைப் பார்த்தார்கள். “எம்மா, இவளுக்கு வாய் உண்டும்லா!” என்றார் லீலா அக்கா. கார்மேலா “வேண்டாம், வேண்டாம்” என்றார். கொதிக்கிற தண்ணீரை மாவில் விடுவது அவருக்குப் பாவம் மாதிரி. நான் வெந்நீரைக் காட்டி, மாவைக் காட்டி, இரண்டு கையையும் சேர்த்துக் காட்டினேன். லீலா அக்கா வீட்டிலிருந்து மைதா வந்தது. ரவையில் கொதிநீர் விட்டுக் கரண்டிக் காம்பால் கிளறி, மூடி வைத்து, ஆறினதும் ரவைக்குப் பாதி மைதா சேர்த்து முழு பலத்தோடு பிசைந்தேன். உருண்டது. காதுகள் பழுப்பாக, கொஞ்சம் தடியாக வந்தன. கிழியவில்லை. வெந்நீரிலும் கரையவில்லை.

ஒரு மணிக்கு மூவரும் வந்து உட்கார்ந்தார்கள். ஒருவர் பாதி சாப்பிட்டுத் தட்டைத் தள்ளி வைத்தார். இன்னொருவர் பேசிக்கொண்டே முடித்தார். நிக்கோலா மட்டும் முதல் வாய் வைத்ததும் மெல்லுவதை நிறுத்தி, மனைவியிடம் ஏதோ கேட்டார். கார்மேலா முகம் சிவந்து பதில் சொன்னார். நிக்கோலா இன்னொரு தட்டு கேட்டார். அவர்களுக்குள் சண்டை வந்துவிட்டது. எதைப் பற்றி என்று தெரியாமல் நாங்கள் சுவரோரம் நின்றோம்.

பிறகு லீலா அக்கா கேட்டுச் சொன்னார். நிக்கோலாவின் கிராமத்தில் கோதுமை அறுத்த பிறகு தாளைக் கொளுத்துவார்களாம். நிலம் இல்லாதவர்கள் அந்தக் கரியில் கிடக்கிற கதிர்களைப் பொறுக்கி அரைத்து இதே காதைச் செய்வார்களாம். அந்த வாசனை இதில் இருக்கிறதாம். சின்ன வயதில் சாப்பிட்டது. கார்மேலா பட்டணத்துப் பெண். ‘பஞ்சத்தில் தின்றதை நான் சொல்லிக் கொடுத்தேன் என்று விடுதியில் சிரிப்பார்கள்’ என்பது அவர் கோபம்.

“விருந்தாளிக்கு இதப் போட முடியாதுங்காங்க. நல்லாருக்கு, ஆனா முடியாதாம்” என்றார் லீலா அக்கா.

நல்லா இருக்கிறது, முடியாது. இதைக் கொண்டுபோய் அப்பாவிடம் எப்படிச் சொல்வது? “வேலை உண்டா இல்லையான்னு மட்டும் கேளுங்கக்கா” என்றேன்.

“நீயே கேளுட்டி. ஜாப், எஸ் ஆர் நோ. அவ்ளோதான்.”

கார்மேலா தட்டுகளை அடுக்கிக்கொண்டிருந்தார். பக்கத்தில் போய் நின்றேன். “ஜாப். எஸ் ஆர் நோ?” குரல் வெளியே வந்தது.

அவர் தட்டுகளை வைத்துவிட்டு என் பக்கம் திரும்பினார். நிக்கோலா ஏதோ சொல்ல வாயெடுத்தார். “போதும்” என்று கார்மேலா தமிழிலேயே அவரை அடக்கினார். பிறகு என்னிடம், “டியூஸ்டே” என்றார். செவ்வாய்க்கிழமை விடுதியில், அவர் கொடுக்கிற மாவில், ஆறு பேருக்கும் நான் சமைக்க வேண்டும். அன்று முடிவு.

செவ்வாய்க்கிழமை ஸ்டெல்லா அக்காவுக்குப் புடவை எடுக்கப் போகிற நாள். அப்பா யோசித்துவிட்டுச் சம்மதித்தார். நான் தனியாகப் போனேன். ஒரகடத்தில் ஏழரை மணி பஸ் வரவில்லை. முன்பு என்றால் பத்து மணி வரை நின்றிருப்பேன். டீக்கடைக்காரரிடம் கேட்டேன், செங்கல் லாரியில் ஏறாதே, எட்டு மணிக்கு ஒரு பால் வண்டி வரும், அதில் குடும்பத்தோடு போவார்கள் என்றார். அப்படியே போனேன். பால் வண்டியில் ஒரு ரூபாய்தான் வாங்கினார்கள். விடுதியில் செய்த காதுகள் வெள்ளையாக, மெல்லியதாக வந்தன. ஆறு பேரும் தட்டைக் காலி செய்தார்கள். யாரும் மெல்லுவதை நிறுத்தவில்லை. மறுநாள் முதல் வரச் சொன்னார் விடுதி மேனேஜர். காலை பத்து முதல் மாலை நான்கு வரை, ஞாயிறு விடுமுறை.

போகிறவர்களுக்குச் சில விஷயங்கள். பஸ்ஸில் கூட்டம் இருக்கிற நாட்களில் வண்டலூர் வழியே போங்கள். நேரம் ஆனாலும் நிச்சயம். சில்லறை வைத்துக்கொள்ளுங்கள். நகம் வெட்டிக்கொண்டு போங்கள், நகம் இருந்தால் காது கிழியும். ரவை கொண்டுபோவதாக இருந்தால் வீட்டில் இருப்பவர்களிடம் வறுக்க வேண்டாம் என்று இரண்டு முறை சொல்லுங்கள். கார்மேலா கத்தினால் பயப்படாதீர்கள். புரியாததை அப்போதே கேளுங்கள். நான் நான்கு வாரம் கேட்காமல் இருந்து, ஒரு வாரத்தில் தெரிந்துகொண்டிருக்க வேண்டியதை நான்கு வாரத்தில் தெரிந்துகொண்டேன்.

இன்னொன்றையும் மறைக்கக் கூடாது. இது நிரந்தர வேலை இல்லை. இயந்திரம் ஓடத் தொடங்கியதும் அவர்கள் ஊருக்குப் போய்விடுவார்கள். நேற்று சாப்பிடும்போது அப்பா அதைத்தான் கேட்டார்.

“அவங்க போய்ட்டா அப்புறம் இன்னா பண்ணுவ? யாரு சோறாக்கச் சொல்லுவாங்க உன்ன?”

“அந்த விடுதியில அப்புறம் யாரு தங்கப் போறாங்கன்னு தெரியலப்பா. நாளைக்கு மேனேஜர கேக்குறேன்.”

அப்பா கையில் எடுத்த சோற்றை அப்படியே வைத்துக்கொண்டு, “யாரு, நீயா?” என்றார்.

“ஆமாம்பா” என்றேன். “நான்தான்.”