தொப்பூர்ப் பட்டறையில் ஒரு ரஷ்யக் கப்பல்

திருமணமான பிறகு வந்த முதல் விடுமுறையில், மாமனாரிடம் காட்டுவதற்காக நான் ஒரு கப்பலின் வண்ணப் படத்தைச் சட்டமிட்டுக் கொண்டுபோனேன். ரஷ்யக் கடற்படையின் மிகப் பெரிய விமானம் தாங்கி அது. மூக்கு மேல்நோக்கி வளைந்த தளத்தில் போர் விமானங்கள் வரிசையாக நிற்க, நீலக் கடலைக் கிழித்துக்கொண்டு வரும் காட்சி. மாமனார் கிரீஸ் படிந்த கையைத் துணியில் துடைத்துவிட்டுப் படத்தை வாங்கினார். விமானங்களை அவர் பார்க்கவில்லை. புகைபோக்கியிலிருந்து கிளம்பி வானத்தின் பாதியை மூடியிருந்த கரும்புகையின் மேல் கட்டைவிரலை வைத்தார்.

“வண்டி எண்ண குடிக்குது மாப்ள. எரிக்கத் தெரியல. இதுக்கு எதுக்கு சட்டம் போட்டிருக்கீங்க?”

படம் என் கைக்குத் திரும்பி வந்தபோது அந்தப் புகையின் மேல் ஒரு விரல்ரேகை இருந்தது. எனக்கு முகம் சுண்டிப்போயிற்று. நான் கடற்படையில் கொதிகலன் அறையில் வேலை பார்ப்பவன். நல்லம்பள்ளிப் பக்கத்தில் ராகியும் நிலக்கடலையும் பயிரிடும் கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்து, கடலையே பார்க்காமல் வளர்ந்து, வெள்ளைச் சீருடையோடு ஊர் திரும்பியவன். கோயிலில் பாதிரியாரே என்னைக் கூப்பிட்டு முன்வரிசையில் உட்காரச் சொல்வார். லாரிக்கு அடியில் படுத்துக்கிடக்கும் ஒரு மனிதர் என் படத்தை இரண்டு வார்த்தையில் தள்ளிவிட்டார்.

அவருடைய பட்டறை தொப்பூர்க் கணவாய்க்குக் கீழே, நெடுஞ்சாலையை ஒட்டி இருந்தது. பெங்களூரிலிருந்து சேலம் போகும் சரக்கு வண்டிகள் அந்த இறக்கத்தில் பிரேக் கருகும் நாற்றத்தோடு வந்து நிற்கும். ஓட்டுநர் இறங்குவதற்குள்ளேயே வண்டிக்கு மாமனாரின் வசவு தொடங்கிவிடும். முதலாளிகளை அவருக்குப் பிடிக்காது. தரகர்களைக் கண்டால் துப்புவார். பழைய வண்டிக்குப் புதுப் பெயின்ட் அடித்துக் கொண்டுவந்தால் விரல் நகத்தால் சுரண்டி, உள்ளே இருக்கும் துருவைக் காட்டிவிட்டுத்தான் பேசுவார். மனிதர்களையும் அப்படித்தான் சுரண்டிப் பார்த்தார். நானும் தப்பவில்லை.

ஆனால் கப்பல் கதை கேட்பதில் அவருக்கு விசித்திரமான ஆர்வம் இருந்தது. ஒவ்வொரு விடுமுறையிலும் ஞாயிற்றுக்கிழமை மதியம் கறிச்சோறு முடிந்ததும், “அந்த ரஷ்யாக்காரன் கதய சொல்லுங்க” என்பார். திட்டுவதற்கு ஆள் வேண்டும் என்பதற்காகத்தான் கேட்கிறார் என்று நான் நினைத்துக்கொண்டேன். முதலில் ‘மாஸ்க்வா’ என்ற கப்பலையும் அதன் ஜோடியையும் பற்றிச் சொன்னேன். பாதிக் கப்பலில் ஏவுகணை, பாதிக் கப்பலில் ஹெலிகாப்டர். அலை பெரிதானால் மூக்கு தண்ணீருக்குள் போகும். பிறகு ‘கீவ்’ வகை வந்தது. சாய்ந்த தளம், செங்குத்தாக எழும்பும் ஜெட் விமானங்கள். சோவியத் நாடு அதைக் காட்டியபோது உலகமே கொஞ்சம் அசந்தது. ஆனால் வெப்பக் கடலுக்குப் போனால் அந்த ஜெட்டுகளால் முழுச் சுமையோடு எழும்ப முடியவில்லை. குண்டைக் குறைத்தால்தான் பறக்கும். பறந்தாலும் தூரம் போகாது.

“சரக்க எறக்கிட்டாத்தான் ஏத்தம் ஏறும்னா அது லாரியா?” என்றார் மாமனார்.

அந்தக் கப்பல்களை விமானம் தாங்கி என்றே ரஷ்யர்கள் அழைக்கவில்லை என்றும் சொன்னேன். கட்டிய துறைமுகம் கருங்கடலில். வெளியே வர துருக்கியின் நீரிணை வழியாகத்தான் வர வேண்டும். விமானம் தாங்கிகளை அந்த வழியே விடுவதற்கு ஒப்பந்தத்தில் இடமில்லை. ஆகவே ‘விமானம் சுமக்கும் கனரகக் குரூசர்’ என்று பெயர் வைத்து, தளத்தில் ஏவுகணைகளையும் அடுக்கி அனுப்பினார்கள். இதைக் கேட்டு அவர் வாயில் இருந்த வெற்றிலை தெறிக்கச் சிரித்தார்.

“டூரிஸ்ட் பர்மிட் வாங்கி சிமென்ட் மூட்ட ஏத்தறவன் நம்மூர்லயே இருக்கறான் மாப்ள. அதுக்கு அங்க போவணுமா?”

நான் தாங்கிப் பேசுவேன். அது தந்திரம் என்பேன், சட்ட நுணுக்கம் என்பேன். உள்ளுக்குள் எனக்கே வெறுப்பு ஊற ஆரம்பித்திருந்தது. தன் பெயரைச் சொல்லக்கூடத் துணிவில்லாத கப்பல், ஒரு வேலையையும் முழுதாகச் செய்யாது. ஏவுகணைகள் தின்ற இடத்தில் விமானத்துக்கு இடம் போயிற்று. விமானத் தளத்துக்காகக் குரூசர் குணமும் போயிற்று. சோவியத் நாடு உடைந்ததும் எல்லாம் வெளுத்தது. ‘கீவ்’ சீனாவுக்குப் போய் கேளிக்கைப் பூங்காவாகி, உள்ளே ஓட்டலும் வைத்துக்கொண்டது. ‘மின்ஸ்க்’ கப்பலுக்கும் பூங்கா வேலைதான். பாதி கட்டிய ‘வர்யாக்’ சூதாட்ட விடுதியாகப் போகிறது என்று சொல்லி விற்கப்பட்டது. வாங்கிய சீனர்கள் அதைத் தங்கள் கடற்படையின் முதல் விமானம் தாங்கியாக்கிக்கொண்டார்கள். அணுசக்தியில் ஓடவேண்டிய ஒன்றைக் கட்டும் தளத்திலேயே வெட்டித் துண்டாக்கினார்கள். ரஷ்யாவிடம் ஓடும் நிலையில் மிஞ்சியது நான் சட்டமிட்டு வைத்திருந்த அந்த ஒரே கப்பல். அது துறைமுகத்தை விட்டுக் கிளம்பினால் கூடவே இழுவைக் கப்பல் ஒன்றும் போகும், எங்கே நின்றுவிடுமோ என்று.

“பின்னாலயே ரெக்கவரி வண்டி வருதா?” என்று மாமனார் கேட்டார். அன்று அவர் சிரிக்கவில்லை. “அப்ப ஓட்டறவனுக்கும் தெரியும், ஓனருக்கும் தெரியும். தெரிஞ்சேதான் அனுப்பறாங்க.”

‘கீவ்’ வகையில் கடைசியாகப் பிறந்தது ‘பாக்கூ’. கொதிகலன் அறையில் விபத்துக்குள்ளாகிக் கிடந்த அதை இந்தியா எடுத்துக்கொள்ள முடிவு செய்தது. கப்பலின் உடலுக்கு விலை இல்லை, மாற்றிக் கட்டுவதற்கு மட்டும் பணம் என்பது ஏற்பாடு. முன்னால் இருந்த ஏவுகணைகளைக் கழற்றிவிட்டு, விமானம் ஏறிப் பறக்கச் சரிவுத் தளம் கட்ட வேண்டும். நான் இதைப் பெருமையாகச் சொன்னேன்.

“சேசிஸ் சும்மா, பாடி என் பட்டறையிலதான் கட்டணும்னு ஒருத்தன் சொன்னா, அவன் குடுக்கல மாப்ள. மாட்டிவுட்டுட்டான்” என்றார் அவர். அப்படியே ஆயிற்று. திறந்து பார்க்கப் பார்க்க வேலை பெருகியது, விலை ஏறிக்கொண்டே போனது, வருடங்கள் தள்ளிப்போயின. பத்திரிகையில் செய்தி வரும்போதெல்லாம் அவர் என் மனைவிக்குப் போன் செய்து, “உன் வூட்டுக்காரர் கப்பல் பட்டறைய வுட்டு கெளம்பிருச்சா?” என்று கேட்பார்.

அந்தக் கப்பலை ஓட்டிப் பழகிக் கொண்டுவரும் குழுவில் என் பெயர் வந்தபோது, என் மனைவி இரண்டாவது குழந்தையைச் சுமந்துகொண்டிருந்தாள். மாமனார் நல்லம்பள்ளிக்கே வந்துவிட்டார். வீட்டுக்குள் வராமல் வாசலில் நின்றபடியே கேட்டார்.

“பாய்லர் உள்ள என்ன பூசியிருக்கறாங்கன்னு பாத்தீங்களா?”

“அதெல்லாம் பெரிய என்ஜினியருங்க பாக்கறதுங்க மாமா.”

“உள்ள நிக்கறது யாரு? பெரிய என்ஜினியரா, நீங்களா?”

நான் உள்ளே போய்ப் பெட்டியைக் கட்டினேன்.

கப்பலை மாற்றிக் கட்டிய இடம் ரஷ்யாவின் வடக்கே, வெண்கடல் ஓரத்து ஊர். கோடையில் சூரியன் சரியாக மறையாது. குளிர்காலத்தில் சரியாக உதிக்காது. கப்பலுக்குள் போன முதல் நாள் எனக்கு மாமனாரின் நகம்தான் ஞாபகம் வந்தது. புதுப் பெயின்டுக்கு மேல் பெயின்ட். எந்த இடத்தைச் சுரண்டினாலும் அதற்குக் கீழே இன்னொரு காலம் இருந்தது. எங்களோடு வேலை செய்த ரஷ்யத் தொழிலாளிகளில் திறமைசாலிகள் உண்டு. ஆனால் பலரும் வயதானவர்கள். அவர்களுக்குப் பின் கற்றவர்கள் ஓடிப்போயிருந்தார்கள். இவ்வளவு பெரிய கப்பலை அந்தக் கட்டும் தளம் அதற்கு முன் தொட்டதில்லை. ஒரு பேரரசு தன் கைத்திறனை வேறொரு நாட்டின் துறைமுகத்தில் விட்டுவிட்டு வந்திருந்தது; அந்தக் கருங்கடல் துறைமுகம் இப்போது உக்ரைனில்.

கொதிகலன்களின் உட்புறத்தில் வெப்பம் தாங்க ஆஸ்பெஸ்டாஸ் வேண்டாம், நுரையீரலைக் கெடுக்கும் என்று நம்மவர்கள் சொல்லியிருந்தார்கள். பதிலாகத் தீச்செங்கல் பதித்தார்கள். கடல் ஓட்டச் சோதனையில் முழு வேகத்துக்கு நீராவியை ஏற்றச் சொன்னபோது நான் கீழே இருந்தேன். அழுத்தமானியின் முள்ளைப் பார்த்துக்கொண்டிருந்தேன். உள்ளே ஏதோ சரியும் சத்தம் கேட்டது. பெரிய சத்தம் இல்லை. ஓட்டுக் கூரையில் ஓடு நழுவுவது போல. பக்கத்தில் நின்ற ரஷ்ய மூத்தவர் என் முகத்தைப் பார்த்தார். நான் அவர் முகத்தைப் பார்த்தேன். இருவருக்கும் பொதுவான மொழியில்லை, தேவையும் படவில்லை. ஒரு கொதிகலனோடு அது நிற்கவில்லை. வேகத்தைக் குறைத்து, தலைகுனிந்து, துறைமுகத்துக்குத் திரும்பினோம். செங்கல் மேல் குற்றமா, அதைக் கேட்டவர்கள் மேல் குற்றமா, அதைப் பதித்தவர்கள் மேல் குற்றமா என்று மேலே உள்ளவர்கள் பேசிக்கொண்டார்கள்.

விடுமுறையில் ஊருக்கு வந்தேன். பிறந்திருந்த மகளைப் பார்க்க மாமனார் வந்திருந்தார். என்ன ஆயிற்று என்று கேட்டார்.

“ஒண்ணும் இல்லீங்க மாமா. சின்ன வேல. செங்கல மாத்திட்டா சரியாப் போயிரும்.”

“சின்ன வேலைக்கா கப்பல் திரும்பி வந்துச்சு?” மடியிலிருந்த குழந்தையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். “பயந்தேன்னு சொல்லுங்க. மரியாதயா இருக்கும்.”

நான் வெடித்தேன். லாரிப் பட்டறையில் கிடப்பவருக்குக் கப்பலைப் பற்றி என்ன தெரியும் என்று கேட்டேன். அவர் குழந்தையை என் மனைவியிடம் கொடுத்துவிட்டு, செருப்பை மாட்டிக்கொண்டு பேருந்து நிறுத்தத்துக்கு நடந்தார். அதன் பிறகு இரண்டு வருடத்துக்கு மேல் எங்களிடையே பேச்சு இல்லை. கிறிஸ்துமஸுக்கு அவர் அனுப்பும் பலகாரம் வரும், அவர் வரமாட்டார். அவரைப் பற்றி யாராவது பேசினால் நானும் உதட்டைச் சுழித்தேன்.

கப்பல் கடைசியில் சரிசெய்யப்பட்டு, ‘விக்ரமாதித்யா’ என்ற பெயரோடு கார்வாருக்கு வந்தது. நாங்கள்தான் ஓட்டிக்கொண்டு வந்தோம். குடும்பத்தினரைக் கப்பலுக்குள் அனுமதித்த ஒரு நாளில், என் மனைவி குழந்தைகளோடு தன் அப்பாவையும் அழைத்து வந்துவிட்டாள். எனக்குச் சொல்லவில்லை. இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையில் அவரை நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

மேல்தளத்தில் எல்லோரும் விமானத்துக்கு முன் நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். அவர் குனிந்து பற்றவைப்புக் கோடுகளைப் பார்த்துக்கொண்டே நடந்தார். கைப்பிடிக் கம்பியில் உள்ளங்கையை வைத்து, கண்ணை மூடி, கீழே ஓடும் இயந்திரத்தின் அதிர்வைக் கேட்டார். பிறகு என் பக்கம் திரும்பினார்.

“இதுல நீங்க இருக்கற எடம் எது?”

என் காலடியைக் காட்டினேன். “நேர் கீழங்க. ஏழெட்டு மாடி கீழ.”

“இப்ப சத்தம் சுத்தமா இருக்குது.” அவ்வளவுதான் பாராட்டு. கம்பியிலிருந்து கையை எடுத்துக்கொண்டே மறுபடி சொன்னார்: “நான் வண்டியத்தான் திட்டுனேன் மாப்ள. ஓட்டறவங்கள இல்ல.”

விடுப்பு எடுத்துக்கொண்டு நானே அவர்களைக் காரில் கூட்டி வந்தேன். மனைவியையும் குழந்தைகளையும் நல்லம்பள்ளியில் இறக்கிவிட்டு, அவரைப் பட்டறையில் விடுவதற்காகக் கணவாயில் இறங்கிக்கொண்டிருந்தேன். பிற்பகல். முன்னும் பின்னும் லாரிகள். ஒரு வளைவைத் தாண்டியதும், “ஓரங்கட்டுங்க” என்றார். இறங்கிப் போய் தடுப்புச் சுவரருகே நின்றார். நானும் போய் நின்றேன். கீழே முட்புதரும் பாறையும்.

“என் தம்பி இங்கதான் போனான்” என்றார்.

மனைவிக்கு ஒரு சித்தப்பா விபத்தில் இறந்தது எனக்குத் தெரியும். லாரி ஓட்டியவர், கல்யாணம் ஆகாதவர் என்று சொல்லியிருந்தாள். அதற்கு மேல் அந்த வீட்டில் யாரும் பேசியதில்லை.

“பிரேக் லைனிங் தேஞ்சிருந்துச்சு. நான்தான் கழட்டிப் பாத்தேன். ஓனர் அவசரப்படுத்துனான். இவன் எங்கிட்ட, அண்ணா, ஒரு ட்ரிப் ஓடுமான்னு கேட்டான். ஓடும்னு சொன்னேன்.” ஒரு லாரி ஊதிக்கொண்டு கடந்தது. அது போகும்வரை பொறுத்தார். “ஓனர் கேட்டிருந்தா பரவால்ல. அவன் கேட்டான்.”

நான் தடுப்புச் சுவரில் கையூன்றி, “அன்னிக்கு நான் பயந்துட்டேங்க மாமா” என்றேன். “அந்தச் செங்கல் சரியறப்ப, பிள்ளையப் பாக்காமயே போயிருவேன்னு நெனச்சேன்.”

அவர் தலையை ஆட்டினார். அவருக்கு அது எப்போதோ தெரிந்த செய்தி.

மாமனார் இறந்து நான்கு வருடங்கள் ஆகின்றன. நானும் ஓய்வு பெற்று ஊரில் இருக்கிறேன். என் படத்தில் இருந்த அந்த ரஷ்யக் கப்பலைப் பற்றி அவ்வப்போது செய்தி வருகிறது. சிரியாவுக்குப் போன பயணத்தில் ஐரோப்பாவின் கடற்கரை முழுதும் புகையைப் பரப்பியது. இறங்கும் விமானத்தைப் பிடித்து நிறுத்தும் கம்பி சரியில்லாமல் விமானத்தைக் கடலில் விட்டது. பழுது பார்க்கப் போன இடத்தில் அதைத் தாங்கிய மிதவைத் தளமே மூழ்கி, பாரந்தூக்கி கப்பலின் மேல்தளத்தில் விழுந்தது. பிறகு உள்ளே தீப்பிடித்து ஆட்கள் செத்தார்கள். ஒவ்வொரு முறையும் அதிகாரி ஒருவர் வந்து சேதம் பெரிதில்லை என்றார். அடுத்த வருடம் கடலுக்குப் போகும் என்றார். அதற்கடுத்த வருடமும் அதையே சொன்னார். இப்போது அது கரையோரத்தில் கட்டிக்கிடக்கிறது; உடைத்துவிடலாமா என்று யோசிக்கிறார்களாம்.

முன்பெல்லாம் இதைப் படித்தால் எனக்கு ஏளனச் சிரிப்பு வரும். இப்போது அந்தக் கப்பலைத் திட்ட மனம் வரவில்லை. இரும்புக்கு என்ன தெரியும். சேதம் பெரிதில்லை என்று சொன்ன அந்த மனிதர்களைத்தான் நினைத்துக்கொள்கிறேன். இத்தனை வருடத்தில் அவர்களில் ஒருவராவது, போகிற வழியில் வண்டியை ஓரங்கட்டச் சொல்லி, இறங்கி நின்று, நான்தான் ஓடும் என்று சொன்னேன் என்று யாரிடமாவது சொல்லியிருப்பாரா?