மார்கழியில் உறங்காத கொடி

1975 டிசம்பர் 18, அதிகாலை நாலரை மணி. சிட்னியின் பிளாக்டவுனில் அந்நேரத்துக்கே இருபத்தாறு டிகிரி வெக்கை. நாகேஸ்வரி சிறிதரன் கம்பளிச் சால்வையால் தலையை மூடிக்கொண்டு, வியர்வை வழிய, தன் வீட்டு கராஜ் வாசலில் நின்றார். எதிரே புல்தரையில் ஆளுயரச் செப்புக் கதவு ஒன்று ஈரத்துணிக்குள் கிடந்தது. அதை உறங்கவைக்க வேண்டும்.

உலோகம் விழிக்கும், உறங்கும் என்பது அந்தச் சிட்னியில் யாருக்கும் புதிதல்ல. பாடிங்டன் மாடிகளின் இரும்புப் பூவேலை மழைக்கு முன் தானாக மடிந்துகொள்ளும். துறைமுகப் பாலத்தின் ஆணிகள் பெருங்காற்றில் முணுமுணுக்கும். ஆனால் யாழ்ப்பாணத்துக் கொடிவேலை வேறு ரகம். செம்பில் உளியால் பள்ளம் வெட்டி வெள்ளிக்கம்பியைப் பதித்துத் தட்டினால் கம்பி விழித்துக்கொள்ளும். இலை எங்கே, பூ எங்கே என்று அதுவே தேர்ந்து தளிர்விடும். போதுமான அளவு படர்ந்ததும் உறங்கவைத்துவிட வேண்டும். அதற்கு மார்கழி விடியல்தான் நேரம். திருவெம்பாவைச் சங்கு கேட்கும் வேளையில் சால்வையைப் போர்த்திக்கொண்டு காவல் நிற்பார்கள். வேலை முடியும்வரை மீனோ இறைச்சியோ அருகில் வரக்கூடாது.

நாகேஸ்வரிக்கு அப்போது நாற்பத்தொரு வயது. ஓரிடத்தில் இருக்கத் தெரியாதவர். தேநீரைக்கூட நடந்துகொண்டே குடிப்பார். அப்படிப்பட்டவரை ஒரு கார் உதிரிப்பாகத் தொழிற்சாலை மூன்று வருடமாக ஒரே இயந்திரத்தின் முன் உட்காரவைத்திருந்தது. நெம்புகோலை இழு, தகட்டை எடு, மறுபடி இழு. பரமட்டாவில் புதிதாகக் கட்டிய நாடக அரங்கின் தலைவாசல் கதவு அவருக்குக் கிடைத்த முதல் வாய்ப்பு. அது பிடித்துப்போனால் உள்ளே உள்ள மற்றக் கதவுகளும் அவருக்கே. பிடிக்காவிட்டால் மறுபடி நெம்புகோல்தான்.

அன்று வியாழன். கொடி உறங்கிவிட்டது என்று நம்பிப் பிற்பகல் கதவைப் பொருத்தினார்கள். வெள்ளி காலை அரங்கு மேலாளர் தொலைபேசியில் கத்தினார். கொடி இரவோடிரவாக வளர்ந்து கைப்பிடியைச் சுற்றிவிட்டது. விலக்கப் போன மேலாளரின் டையையும் பிடித்துக்கொண்டது. டையைக் கத்தரிக்கோலால் வெட்டித்தான் கழுத்தை மீட்டிருக்கிறார். சனி மாலை திறப்பு விழா. அதற்குள் கொடி அசையாமல் இருக்கவேண்டும், இல்லையென்றால் மரக்கதவு.

பஸ் ஓட்டிவிட்டு வந்த கணவர் சிறிதரன் சீருடையைக்கூடக் கழற்றவில்லை.

"பஞ்சாங்கம் பாத்துத்தானே வச்சனீர்?"

"ஓம், பாத்துத்தான். பஞ்சாங்கம் மார்கழி எண்டுது. என்ரை சால்வையைப் பிழிஞ்சா வாளி நிறையும். இது எந்த ஊர் மார்கழி?"

"அப்ப ஆடி வரைக்கும் பொறுக்கச் சொல்லும். இஞ்சை ஆடியிலைதானே குளிர்."

"நாளைக்கு விழா. எனக்கு இண்டைக்குக் குளிர் வேணும்." அவர் குசினிக்கும் கராஜுக்குமாக நடந்தார். திரும்பி வந்தபோது முடிவோடு வந்தார். "சடகோபனைக் கேக்கப்போறன்."

மூன்று வீடு தள்ளி இருந்த சடகோபன் ஸ்ரீரங்கத்துக்காரர். இறைச்சிக் குளிர்கிடங்கு ஒன்றில் மேற்பார்வையாளர். சிறிதரன் கதிரையிலிருந்து எழுந்துவிட்டார்.

"செத்த ஆடுகளுக்கு நடுவிலையோ? ஈஸ்வரி, அதைச் செய்தா அந்தக் கதவிலை என்ரை கை படாது. சொல்லிப்போட்டன்."

"படவேண்டாம். காலாலை தள்ளுங்கோ."

மதியத்துக்குள் கதவு அரங்கிலிருந்து கழன்று கிடங்குக்குப் போய்விட்டது. உள்ளே தோலுரித்த ஆடுகள் கொக்கிகளில் வரிசையாகத் தொங்கின. நாகேஸ்வரி வாசலிலேயே நின்றார். அவரால் நிற்க முடிந்த அபூர்வமான தருணம் அது.

"வாங்கக்கா, உள்ள வாங்க," என்றார் சடகோபன், வாயிலிருந்து புகை வர. "நான் ஐயங்கார். தினம் எட்டு மணி நேரம் இதுங்களோடதான் நிக்கிறேன். பெருமாள் இன்னும் ஒண்ணும் கேக்கலை."

"கேட்டா என்ன சொல்லுவீங்கள்?"

"ஓவர்டைம்னு சொல்லுவேன்."

நாகேஸ்வரி சிரிக்கவில்லை. சால்வையை இறுக்கிக்கொண்டு உள்ளே போய்த் துணியை விலக்கினார். வெள்ளித் தளிர்கள் நெளிந்துகொண்டிருந்தன. ஒன்று நீண்டு, பக்கத்தில் தொங்கிய ஆட்டின் விலாவைத் தொட்டது.  நாகேஸ்வரி தளிரை வெட்ட உளியை எடுத்தார். வெட்டினால் கொடி முழுவதும் கறுத்துவிடும். அவருக்கு அது தெரியும். உளியைக் கீழே வைத்துவிட்டு, விட்டு விட்டுத் திருவெம்பாவையை முணுமுணுத்தபடி கதவைச் சுற்றிச் சுற்றி நடந்தார். தளிர் விலாவை விட்டு மெல்லச் சுருண்டு, செம்போடு ஒட்டியது. பிறகு இலைகள் ஒவ்வொன்றாகப் படிந்தன. கிடங்கு மூடும் நேரத்தில் விரலால் சுண்டிப் பார்த்தார். கொடி அசையவில்லை.

சனி காலை கதவை மறுபடி பொருத்தினார்கள். மாலை அரங்கில் கூட்டம் நெரிந்தது. நாகேஸ்வரி நாடகத்துக்குள் போகவே இல்லை. மூன்று மணி நேரமும் தலைவாசலுக்கு முன்னால் உலாத்தினார். யாராவது கதவுக்கருகே டையோடு போனால் பின்னாலேயே போனார். சிறிதரன் சொன்ன சொல் தவறவில்லை. பக்கவாசலால் உள்ளே போனார், பக்கவாசலாலேயே வந்தார். கடைசி ஆள் வெளியேறும்வரை கொடி உறங்கியது. மேலாளர் புது டையோடு வந்து, மற்றக் கதவுகள் ஈஸ்டருக்குள் வேண்டும் என்றார்.

திங்கட்கிழமை நாகேஸ்வரி தொழிற்சாலை வேலையை விட்டார். இரண்டாவது கதவு பிப்ரவரியில் குளிர்கிடங்குக்குப் போனது.