வெள்ளைப் பூக்களில் ஏறிய சிவப்பு

முகப்பேரில் எங்கள் ஃபிளாட்டுக்குக் கம்பளம் கழுவ வந்தவர் அவர். ஒல்லியான உடம்பு, நரைத்த மீசை. வேலையைத் தொடங்குமுன் மண்டியிட்டு, கம்பளத்தின்மேல் கன்னத்தை வைத்துப் பார்த்தார். எந்த வீட்டிலும் முதலில் இதைத்தான் செய்வாராம்.

"இது அசல் கம்பளி சார். சோப்புத்தூள் ஆவாது, சுடுதண்ணி கூடவே கூடாது" என்றவர், தன்னிடமிருந்த ஷாம்பூவை ஒரு மூலையில் மட்டும் தடவி, சாயம் ஒட்டுகிறதா என்று வெள்ளைத் துணியால் ஒற்றிப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

எனக்குப் பொறுமையில்லை. அவர் தண்ணீர் பிடிக்கப் போன நேரத்தில், சுடுதண்ணீரில் சோப்புத்தூளைக் கரைத்து நடுவில் ஊற்றித் தேய்த்துவிட்டேன். சிவப்புச் சாயம் கரைந்து வெள்ளைப் பூக்களுக்குள் ஓடியது.

அப்போதுதான் வேலையிலிருந்து திரும்பிய என் மனைவி, "யாரு பண்ணது இது?" என்று கத்தினாள். அவள் அம்மா ஆசையாக வாங்கித் தந்த கம்பளம். தண்ணீர் வாளியோடு திரும்பி வந்தவர், கம்பளத்தையும் என்னையும் ஒருமுறை பார்த்தார்.

"நான்தாம்மா. பாக்காம உட்டுட்டேன்" என்றார். துணியைப் பிழிந்து எடுத்துக்கொண்டு படியிறங்கினார்.

அவர் கழுவிய மூலை மட்டும் இன்றும் மெத்தென்று இருக்கிறது. வீட்டுக்கு வருகிறவர்களிடம், "கழுவ வந்த ஆளு கெடுத்துட்டான்" என்று மனைவி சொல்லும்போதெல்லாம் நானும் தலையாட்டுகிறேன்.