மாமா எடுத்த புல்லுப் படம்

எங்கள் குடும்பத்தில் வீடியோ என்றால் கலியாண வீடு, பெண் பிள்ளை வயதுக்கு வந்த சாமத்திய வீடு, இல்லாவிட்டால் செத்த வீடு. கமெராக்காரர் பார் என்றால் பார்க்க வேண்டும். செத்த வீட்டைத் தவிர மற்ற இடங்களில் சிரி என்றால் சிரிக்கவும் வேண்டும். ஆகவே, கனடாவிலிருந்து வந்த மாமா காங்கேசன்துறைக் காணியில் படம் எடுக்கப்போகிறார் என்றதும் அம்மா தன் கூறைச்சேலையை உடுத்திக்கொண்டார். அரியாலையிலிருந்து பெரியம்மா கழுத்தில் அட்டியலோடு வந்து இறங்கினார். ஒன்பது வயதான எனக்கு முகம் முழுக்கப் பவுடர்.

மாமா அவர்கள் இருவருக்கும் ஒரே தம்பி. கனடாவில் ஏதோ புதுமாதிரியான ஆவணப்படங்கள் எடுப்பவர். சண்டைக்குப் பயந்து குடும்பம் அந்தக் காணியில் இருந்த வீட்டை விட்டு ஓடியபோது அவர் கைக்குழந்தை. பல வருடம் கழித்து இராணுவம் தான் பிடித்துவைத்திருந்த காணியை விட்டபோது அங்கே வீடு இல்லை. கிணறும் புல்லும்தான் இருந்தன.

மாமா கமெராவை நிறுத்தினார்.

"எங்கை தம்பி பாக்கிறது?" என்றார் பெரியம்மா.

"ஒரு இடமும் பாக்காதேங்கோ அக்கா. முந்தி வீட்டுக்குள்ளை நடந்த மாதிரி நடவுங்கோ."

"வீடு எங்கையடா கிடக்கு?"

"உங்களுக்குத் தெரியுந்தானே."

இருவரும் வெட்கப்பட்டுச் சிரித்தார்கள். பிறகு நடந்தார்கள். ஓரிடத்தில் பெரியம்மா தலை இடிக்காமல் குனிந்து போனார். இன்னோரிடத்தில் அம்மா படி ஏறினார். கொஞ்ச நேரத்தில் சண்டை தொடங்கிவிட்டது.

"நீ சுவருக்குள்ளாலை போறாய்."

"உதிலை சுவரில்லை அக்கா, கதவு. உங்களுக்கு மறந்துபோச்சு."

சமைக்கிற குசினிக்குச் சண்டை, முன் விறாந்தைக்குச் சண்டை. பெரியவர்கள் மண்சோறு விளையாடுவதைக் கண்டு எனக்கும் உற்சாகம் பிறந்தது. குறுக்கே ஓடினேன். அம்மா பாய்ந்து வந்து என் முதுகில் ஒன்று வைத்தார்.

"எடியே, செருப்போடையோ சாமியறைக்குள்ளை ஓடுறாய்!"

வெறும் புல்லில் நின்று அழுதேன். மாமா தடுக்கவில்லை, கமெராவையும் நிறுத்தவில்லை. எனக்கு அவர்மேல் பொல்லாத கோபம். அவர் தந்த சொக்கிலேற்றை இனித் தொடுவதில்லை என்று முடிவு செய்தேன்.

அப்போதுதான் மாமா கமெராவை விட்டு விலகி வந்தார். நாள் முழுவதும் அதைக் கேட்கத்தான் காத்திருந்தவர்போல மெதுவாகக் கேட்டார்.

"அக்கா, என்ரை ஏணை எதிலை கட்டியிருந்தது?"

ஏணை என்றால் பிள்ளையைப் போட்டு ஆட்டும் சேலைத் தொட்டில். அம்மா பெரியம்மாவைப் பார்த்தார். பெரியம்மா கிணற்றைப் பார்த்தார்.

"உந்தா, உதிலைதான்," என்று அம்மா பக்கத்தில் ஏதோ ஓரிடத்தைக் காட்டினார்.

"ஓம் ஓம், உதிலைதான்," என்றார் பெரியம்மா.

மாமா அந்த இடத்துக்குப் போனார். கமெராவை நிலத்தில் வைத்து அங்கிருந்த புல்லைப் படம் எடுத்தார், எடுத்தார், எடுத்துக்கொண்டே இருந்தார். நாங்கள் மூன்று பேரும் இவ்வளவு உடுத்து வெளிக்கிட்டு வந்திருக்க, இந்த மனிசன் புல்லை எடுக்கிறாரே என்று எனக்கு அழுகையோடு எரிச்சலும் சேர்ந்துகொண்டது. அம்மாவும் பெரியம்மாவும் ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டு நின்றார்கள்.

ஒவ்வொரு சுவருக்கும் சண்டை பிடித்தவர்கள் அந்த ஏணைக்கு மட்டும் ஏன் சண்டை பிடிக்கவில்லை என்று அன்றைக்கு நான் யோசிக்கவே இல்லை.